கிண்ட வேண்டாம் என்று கோழிக்குச் சொல்லும் உத்தியோகம்

கோழிக்கு வருத்தம் வந்தால் ஊசி இருக்கிறது, பேன் பிடித்தால் மருந்து இருக்கிறது, முட்டையிடாவிட்டால் குழம்புச்சட்டி இருக்கிறது. மண்ணைக் கிண்டினால் மட்டும் ஒன்றும் இல்லை என்பதால் அதற்கு என்னை நியமித்திருக்கிறார்கள்.

கால்நடைப் பகுதியில் வெளிக்கள உத்தியோகம் எனக்கு. பதினாறு வருடமாக மன்னார்த் தீவுக்கும் பாலத்துக்கு அந்தப் பக்கத்துக்கும் மோட்டார் சைக்கிளில் ஓடிக்கொண்டிருக்கிறேன். படித்தது நோய்களைப் பற்றி. கேட்கிறது முழுக்க, "மிஸ், கோழி கிண்டுது." நீங்கள் கோழி வளர்ப்பவராக இருந்தால் என் துயரம் உங்களுக்குத் தெரியும். பக்கத்து வீட்டுக்காரர் வளர்ப்பவராக இருந்தால் இன்னும் நன்றாகத் தெரியும். இரண்டும் இல்லாதவர்கள் பாக்கியவான்கள். கடையில் முட்டை வாங்கிக்கொண்டு நிம்மதியாக இருங்கள், இதைப் படித்து உங்கள் மனதைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம்.

மற்றவர்கள் கிட்ட வாருங்கள். சென்ற வருடம் ஒரே ஒரு வீட்டு வளவுக் கோழிகளால் நான் பட்ட பாட்டைச் சொல்கிறேன்.

மேற்படி கோழிகள்

முதலில் கடிதம் வந்தது. ஒரு கடற்கரைக் கிராமத்துச் சங்கத் தலைவர் எழுதியது. 'மேற்படி கோழிகள் கண்ட கண்ட இடங்களிலும் கிண்டி வருவதோடு, கோயில் முற்றத்தில் திருநாளுக்கெனப் பரப்பிய வெண்மணலையும் கிண்டியுள்ளமையால், திருநாளுக்கு முன்னர் மேற்படி கிண்டுதலை நிறுத்தித் தருமாறும், தவறின் கோழிகளைத் தங்கள் கந்தோர் மீளப் பெற்றுக்கொள்ளுமாறும்' என்று போனது அந்த வசனம். மூச்சு விட இடமில்லாமல் முக்கால் பக்கம். கீழே பிரதிகள்: பங்குத்தந்தை, கிராம அலுவலர், பொலிஸ் நிலையம். கோழியைக் கைது செய்யும் யோசனையும் அவருக்கு இருந்திருக்கிறது.

எங்கள் கந்தோரின் மிருக டொக்டர் அதை இரண்டு தரம் வாசித்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, ஓரத்தில் 'உடன் கவனிக்கவும்' என்று எழுதி என் மேசைக்குத் தள்ளிவிட்டார். எப்படிக் கவனிக்கிறது என்று கேட்டேன். "நான் அஞ்சு வருசம் படிச்சனான் மிஸ், கோழி கிண்டாமல் இருக்கிறதைப் பற்றி ஒரு பாடமும் இருக்கேல்லை. நீங்கள் ஒருக்காப் போய் அதுகளோட கதைச்சுப் பாருங்கோ."

பத்தாவது வீடு

அந்தக் கோழிகளை அங்கே கொண்டுபோய்க் கொடுத்தவளே நான்தான் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். வங்காலையைத் தாண்டிப் போகிற வழியில் இருக்கிறது அந்தக் கிராமம். பெயரைச் சொல்லமாட்டேன், சொன்னால் அந்தப் பக்கம் எனக்கு இனி நல்ல மீன் கிடைக்காது. வாழ்வாதாரம் என்று சொல்லிப் பத்துப் பெண்களுக்குப் பத்துப் பத்துக் குஞ்சு கொடுத்தோம். வரிசையாக நிற்கவைத்துப் படமும் எடுத்தோம். ஒரு வருடம் கழித்துப் போய்ப் பார்த்தால் ஒன்பது வீட்டில் வாழ்வாதாரம் சட்டிக்குள் போயிருந்தது. ஒரு வீட்டில் நோய் என்றார்கள், ஒரு வீட்டில் கீரிப்பிள்ளை என்றார்கள், ஒரு வீட்டில் மட்டும் மச்சான் வெளிநாட்டிலிருந்து வந்து நின்றவர் என்று உண்மையைச் சொன்னார்கள்.

பத்தாவது வீடு ஜெசிந்தாவுடையது. அங்கே பத்துக் குஞ்சு நாற்பது கோழியாகி நின்றது. கணவர் படகில் விழுந்து முதுகு அடிபட்டுக் கடலுக்குப் போவதை விட்டவர். இரண்டு பெண்பிள்ளைகள் படிக்கிறார்கள். ஜெசிந்தா முன்பு ஏழு வருடம் குவைத்தில் வீட்டுவேலை செய்துவிட்டு வந்தவர். திரும்பவும் போகாமல் இருப்பதற்காகத்தான் கோழியைப் பிடித்துக்கொண்டிருந்தார். கோழி போனால் அவரும் போக வேண்டியதுதான். பாஸ்போட் ஏற்கெனவே டவுனில் ஒரு ஏஜென்சிக்காரரின் மேசை லாச்சிக்குள் கிடந்தது. திருநாள் முடிந்ததும் முடிவு சொல்கிறேன் என்று தவணை வாங்கியிருந்தார். முதல்தரம் போகும்போது சின்ன மகளுக்கு ஒன்றரை வயதாம். திரும்பி வந்தபோது அவள் கதவுக்குப் பின்னால் நின்று, "ஆரோ ஒரு அன்ரி வந்திருக்கிறா" என்று தகப்பனிடம் சொன்னாளாம். ஜெசிந்தா இதைச் சிரித்துக்கொண்டுதான் சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

என் உத்தியோகக் குரலில், கோழிகளைக் கூட்டுக்குள் அடைத்து வைக்கலாமே என்று சொன்னேன். அடைத்தால் தீன் வாங்கிப் போட வேண்டும், தீன் வாங்கினால் மிஞ்சுவது எச்சம் மட்டும்தான் என்பது எனக்கும் தெரியும். இருந்தாலும் அதைச் சொல்வதற்குத்தானே சம்பளம் தருகிறார்கள். ஜெசிந்தா ஒரு கதிரையை இழுத்துப் போட்டு என்னை இருக்கச் சொன்னார். "குவைத்தில ஏழு வருசம் ஆரோ ஒருத்தரின்ரை வீட்டு நிலத்தை ஒரு தூசி இல்லாமல் துடைச்சனான் மிஸ். இது என்ரை வளவு, கொஞ்சம் கிண்டட்டுமே."

கைநூல்

கோழியோடு கதைக்கிறதுக்கு முன் கைநூலோடு கதைப்போம் என்று கந்தோர் அலுமாரியைத் திறந்தேன். மலைநாட்டில் மூன்று நாள் பயிற்சி கொடுத்தபோது தந்தது. வழுவழுப்பான கடதாசி, கலர்ப் படங்கள். அதில் வரும் கோழி பச்சைப் புல்தரையில் நிற்கும். அந்தக் கோழி எங்கள் வெயிலில் அரை மணித்தியாலம் தாங்காது. ஆனாலும் எழுதியிருந்தது தெளிவாக இருந்தது: கோழிகள் கிண்டும் இடங்களில் உருண்டைக் கற்களை நெருக்கமாகப் பரப்பிவிடவும்.

ஜெசிந்தாவின் வளவில் நின்று இதை உரக்க வாசித்தேன். வாசித்து முடித்த பிறகுதான் நிமிர்ந்து பார்த்தேன். இந்தப் பக்கம் மணல், அந்தப் பக்கம் மணல், வேலிக்கு அப்பால் மணல், அதற்கும் அப்பால் கடல். அந்தக் கிராமத்தில் ஒரு நாய்க்கு எறிவதற்குக்கூடக் கல் கிடையாது, அதனால்தான் அங்கே நாய்கள் இவ்வளவு துணிச்சலாக இருக்கின்றன. ஜெசிந்தாவின் கணவர் பாயில் சரிந்து படுத்திருந்தபடி எல்லாவற்றையும் மரியாதையாகக் கேட்டுக்கொண்டிருந்தார். "கோழிக்குக் கல்லு ஏத்திறதை விட, கல்லிருக்கிற ஊருக்குக் கோழியளை பஸ்ஸில ஏத்தி விடுறது சுகமெல்லோ மிஸ்?"

வலை

அடுத்தது என் சொந்த மூளை. கைநூலை விட அது ஆபத்தானது என்று அப்போது எனக்குத் தெரியாது. கோழிக்குக் காலடியில் நூல் தட்டுப்பட்டால் பிடிக்காது. பழைய நைலோன் வலையை மணலோடு இழுத்து விரித்துவிட்டால் அந்த இடத்தைக் கிண்டாது. மீன்பிடிக் கிராமத்தில் வலைக்கா பஞ்சம்? தலைவர் வீட்டு வேலியில் ஒன்று கிடந்தது. கேட்டேன். கோழிக்கு எதிரான காரியம் என்றதும் மனிதர் சந்தோஷமாகத் தூக்கித் தந்தார். கோயில் முற்றத்து வெண்மணலின் மேல் அதை விரித்துவிட்டு, என் புத்தியை நானே மெச்சிக்கொண்டு போய்விட்டேன்.

கடற்றொழில் செய்கிறவர்கள் நடக்கிற பாதையில் கிழிந்த வலையை விரிக்கக்கூடாது என்று எந்தப் பயிற்சியிலும் சொல்லித்தரவில்லை. கோயிலுக்கு வந்தவர்களில் முதலாமவர் குனிந்து கண்ணியை விரலால் அளந்து பார்த்தார். இரண்டாமவர் பக்கத்தில் குந்தினார். மூன்றாமவர் வீட்டுக்கு ஆள் அனுப்பி நூலும் ஊசியும் எடுப்பித்து, பொத்தலை முடிச்சுப் போட்டு அடைக்கத் தொடங்கினார். கிழிந்த வலையைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க அவர்களால் முடியாது, கை அரிக்கும். முடிச்சுப் போட்டுக்கொண்டு போன மனிதர் ஓரிடத்தில் நின்றுவிட்டார். அந்த ஊரில் ஒவ்வொருவர் போடும் முடிச்சும் ஒவ்வொரு மாதிரி. கையெழுத்தை மாற்றினாலும் முடிச்சை மாற்ற வராது. அவர் கண்டது தன்னுடைய பழைய முடிச்சை. இரண்டு வருடத்துக்கு முன் கடலில் யாரோ அறுத்துக்கொண்டு போன அவருடைய வலை, இப்போது கோயில் முற்றத்தில் கோழிக்கு விரிப்பாகக் கிடக்கிறது.

வலை யாருடைய வேலியிலிருந்து வந்தது என்று என்னிடம் கேட்டார்கள். நான் உத்தியோகத்தர், பொய் சொல்லக்கூடாது, சொன்னேன். பிறகு நடந்ததைப் பங்குத்தந்தை வந்துதான் விலக்கினார். இவ்வளவுக்கும் கோழிகள் மற்றப் பக்க மணலைக் கிண்டிக்கொண்டு தங்கள் பாட்டில் நின்றன. தலைவர் சேட்டுப் பொத்தானைப் பூட்டிக்கொண்டு என்னிடம் வந்தார். வருகிற ஞாயிறு பூசை முடியச் சங்கம் கூடுகிறது, அன்றைக்கே கோழிக்கு முடிவு என்றார். "கோழி கிண்டினதையாவது பொறுக்கலாம் மிஸ், நீங்கள் கிண்டினதைப் பொறுக்கேலாது."

அடம்பனில் ஒரு மிளகாய்ப் பாத்தி

இந்தக் கவலையோடு அடுத்த நாள் அடம்பன் பக்கம் மாடுகளுக்கு ஊசி போடப் போனேன். வயல்காரர்கள் வீடு. வீட்டுக்காரி புவனா, முப்பது வயதிருக்கும். நான் மாட்டைப் பார்க்க வேண்டியவள், கோழியைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பதினைந்து இருபது கோழி வைக்கோற் குவியலைப் புரட்டிக்கொண்டிருந்தன. நாலு முழம் தள்ளி, வேலியும் இல்லாமல் வலையும் இல்லாமல், ஒரு மிளகாய்ப் பாத்தி. ஒரு மிளகாய்க் கன்றின் அடியில்கூடக் கிண்டிய தடம் இல்லை.

என்ன மருந்து அடித்தீர்கள் என்று கேட்டேன். புவனா சிரித்த சிரிப்பில் மாடே திரும்பிப் பார்த்தது. மருந்து ஒன்றும் இல்லையாம். வைக்கோலுக்குள் கொஞ்சம் பதர் நெல்லும் மாட்டுச் சாணமும் போட்டு ஈரமாக வைத்திருக்கிறாராம், பூச்சி பிடித்திருக்கிறது, பக்கத்தில் சாம்பல் கலந்த மணலில் ஒரு கிடங்கு, சின்னக் குழி மாதிரி, குளிக்கிறதும் அங்கேதான். பதினாறு வருடமாக நான் கோழியை நிறுத்தத்தான் வழி தேடியிருக்கிறேன். அது கிண்டுவதற்கு ஓரிடம் கொடுக்க எனக்குத் தோன்றவேயில்லை, வெட்கமாக இருந்தது. "வீட்டில வேலை குடுத்தா அது ஏன் மிஸ் அயலுக்கு வேலைக்குப் போகுது?"

பதினொரு கோழிகள்

இரண்டு சாக்கு வைக்கோலை மோட்டார் சைக்கிளின் பின்னால் கட்டிக்கொண்டு நேராக ஜெசிந்தா வீட்டுக்குப் போனேன். நானும் அவரும் பிள்ளைகளுமாக வளவின் பின்மூலையில் கிடங்கு வெட்டினோம். வைக்கோல், சாம்பல், சருகு எல்லாம் போட்டோம். இனி முக்கியமான சாமான். அந்த ஊரில் மீன் துப்பரவாக்கினால் குடலையும் தலையையும் முருங்கைக்கோ தென்னைக்கோ அடியில் ஒரு சாண் ஆழத்தில் தாழ்ப்பார்கள். மரத்துக்குப் பசளையாம். பிறகு அதே மரத்தடியை ஏன் கோழி கிண்டுகிறது என்று சங்கத்தைக் கூட்டுவார்கள். நான் வீடு வீடாகப் போய், இனி அதைத் தாழ்க்க வேண்டாம், வாளியில் கொண்டுவந்து இங்கே கொட்டுங்கள் என்றேன். கிண்டுவது குறையும் என்பதற்காக ஒருவரும் சம்மதிக்கவில்லை. மண்வெட்டி பிடிக்கத் தேவையில்லை என்பதற்காக எல்லாரும் சம்மதித்தார்கள்.

மூன்றாம் நாள் நாற்பது கோழியில் இருபத்தொன்பது அந்தக் கிடங்கை விட்டு நகரவில்லை. கோயில் மணல் பிழைத்தது. மிச்சம் பதினொன்று மட்டும், கழுத்தில் இறகில்லாத ஒரு பேட்டின் தலைமையில், விடியவே வேலிப் பொட்டுக்குள்ளால் நுழைந்து தலைவர் வீட்டு முருங்கையடிக்குப் போய்விடும். வைக்கோல், பூச்சி, மீன்குடல் எதுவும் அவற்றை மயக்கவில்லை. அந்த முருங்கைக்கு அடியில் அப்படி என்னதான் இருக்கிறது? சனிக்கிழமை காலை நான் அவற்றுக்குப் பின்னால் போனேன். ஜெசிந்தா தன் கோழிகளைத் துரத்திக்கொண்டு எனக்குப் பின்னால் வந்தார்.

கோழிகள் நன்றாகவே வேலை செய்திருந்தன. முழங்கால் ஆழத்துக்குக் கிடங்கு. புழு கொத்துக் கொத்தாக நெளிந்தது. நடுவில் பெரிய ஆமை ஓடு ஒன்று பாதி தெரிந்தது, பக்கத்தில் துடுப்பு மாதிரிக் கால் எலும்பு. கடலாமை. பிடித்தால் சிறை. கடற்கரையில் 'கடலாமைகளைக் காப்போம்' என்று பலகை நட்டபோது நாடாவை வெட்டி இருபது நிமிடம் பேசியவர் யார் என்று சொல்லத் தேவையில்லை. அவர் விளக்குமாற்றோடு ஓடிவந்தார். வந்த வேகத்தில் கோழியை விட்டுவிட்டு ஓட்டின் மேல் மணலைக் கூட்டித் தள்ளினார். அவர் ஒவ்வொரு நாளும் மூடியிருக்கிறார், கோழிகள் ஒவ்வொரு நாளும் திறந்திருக்கின்றன. கோயில் மணலின் மேல் அவருக்கிருந்த பக்தியின் காரணம் எனக்கு அப்போதுதான் புரிந்தது. இதென்ன அண்ணை என்று கேட்டேன். "பழைய பிளாஸ்ரிக் பேசின் மிஸ், உடைஞ்சு போச்செண்டு தாட்டனான்."

தீர்மானம்

அன்றிரவு, நேர்மையான உத்தியோகத்தர் ஒருவர் இந்த இடத்தில் என்ன செய்வார் என்று யோசித்தேன். அப்படி ஒருவரையும் எனக்குத் தெரியாததால் கேட்டுப் பார்க்க வழியில்லை. கோழி என் திணைக்களம், ஆமை வேறு திணைக்களம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். இது கோழைத்தனம் என்று தெரிந்துதான் சொல்லிக்கொண்டேன்.

ஞாயிறு பூசை முடியக் கோயில் மண்டபத்தில் கூட்டம். தலைவர் கதிரையில், தீர்மானம் தட்டெழுத்தில், கீழே கையெழுத்துக்குக் கோடு கூடப் போட்டு ஆயத்தம். கோழிகள் அனைத்தும் மூன்று நாளுக்குள் கிராமத்தை விட்டு அகற்றப்பட வேண்டும். தன் முடிச்சைக் கண்ட வலைக்காரரைத் தவிர மற்ற எல்லாரும் தலையாட்டத் தயாராக இருந்தார்கள். என்னிடம் கிடங்கைப் பற்றி ஒரு சின்னப் பேச்சு இருந்தது. அதை ஒருவரும் கேட்கப்போவதில்லை என்பது முகங்களிலேயே தெரிந்தது. ஏஜென்சிக்காரர் அன்று காலையிலும் ஜெசிந்தாவுக்குப் போன் கோல் எடுத்திருந்தார். தவணை முடியமுன்னமே அங்கே ஆளைக் கேட்கிறார்களாம், உடனே பதில் வேண்டுமாம்.

ஜெசிந்தா எழும்பினார். "அண்ணை, என்ரை கோழியள் கிண்டினது பிழைதான், நான் இல்லையெண்டு சொல்லேல்லை. கிண்டின இடமெல்லாம் நானே மூடித் தாறன். கோயிலடி மூடியாச்சு. இனி உங்கட முருங்கையடி ஒண்டுதான் மிச்சம். இப்பவே இங்க இருக்கிற எல்லாரையும் கூட்டிக்கொண்டு வாறன், ஆளுக்கொரு மண்வெட்டி பிடிச்சா கெதியா முடிஞ்சிடும்."

வலைக்காரர் உடனே எழும்பிச் சாரத்தை மடித்துக் கட்டினார், தான் முதல் ஆளாக வருகிறேன் என்றார். இன்னும் நாலைந்து பேர் எழும்பினார்கள். பாவங்கள், உண்மையாகவே உதவி செய்யத்தான் எழும்பினார்கள். தலைவர் மேசையில் இருந்த தண்ணீரை முழுக்கக் குடித்தார். தீர்மானத்தை நாலாக மடித்துச் சேட்டுப் பைக்குள் வைத்தார். எல்லாரையும் இருக்கச் சொன்னார். அவர் குரலில் அப்படியொரு கனிவை அந்த ஊர் அதற்கு முன் கேட்டிருக்காது. "கோழி எண்டால் கிண்டும்தானே! இதுக்கொரு கூட்டமோ?"

வெளியே வந்து மோட்டார் சைக்கிளை உதைத்தேன், மூன்று தரம் தவறியது. இவ்வளவு சந்தோஷம் எனக்கு இந்த உத்தியோகத்தில் வந்ததில்லை, அதனால் என்ன செய்வதென்றும் தெரியவில்லை. சின்ன மகள் தாயின் சீலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஜெசிந்தா என் பக்கத்தில் வந்து, யாருக்கும் கேட்காமல் சொன்னார். "மிஸ், நாளைக்கு டவுனுக்குப் போகேக்க அந்த ஏஜென்சிக்காரரிட்ட என்ரை பாஸ்போட்டை வாங்கிக்கொண்டு வாறீங்களோ? நான் போனால் கதைச்சுக் கதைச்சு மனசை மாத்திப் போடுவார்."

பதினாறு வருடத்தில் நான் ஒரு கோழியைக்கூடக் கிண்டாமல் நிறுத்தியதில்லை, கிண்டிய கோழிகளோ ஒரு தாயைப் பிளேனில் ஏறாமல் நிறுத்தியிருக்கின்றன, சம்பளம் மட்டும் மாதாமாதம் எனக்கு வந்துகொண்டிருக்கிறது.